கயிற்றைப் பிடித்தவள்

அடியில் தீ மூட்டிச் சூடேற்றிய தரையில் எல்லோரும் ஒட்டி உட்காருங்கள். கதவோரம் இருக்கிறவனே, உள்ளே தள்ளி வா... அப்புறம் என்னைத் திட்டக் கூடாது.

நடந்தது என் கூட்டாளி பியோங்சோலின் பெரியம்மாவுக்கு. பெயர் ஓக்புன். ராத்திரி பதினொரு மணிக்கு மேல்... படகுத்துறையிலிருந்து மேட்டு வீட்டுக்கு ஏறும் சாலை. தன்னந்தனியாக நடக்கிறாள். கையில் வெள்ளைத் துணி சுற்றிய பித்தளைக் கிண்ணம். பின்னால்... சளக். சளக். ஈரக்கால் சத்தம். அவள் திரும்பிப் பார்க்கவில்லை. யார் வருகிறார்கள் என்று அவளுக்குத் தெரியும்.

அவள் மகன் மான்சோக் கணவாய் மீன் பிடிக்கக் கடலுக்குப் போய் மூழ்கிவிட்டான். உடல் கிடைக்கவில்லை. கடலில் கிடக்கும் உயிரைக் கரையேற்றாமல் திதி கொடுத்தால் சோறு போய்ச் சேராது. அதனால்தான் அன்று சாமியாடி மூதாங்கை அழைத்து, கிண்ணத்தில் அரிசி நிரப்பி, துணியால் கட்டி, கயிற்றில் கடலுக்குள் இறக்கினார்கள். மேலே இழுத்துப் பிரித்தால் அரிசியில் முடி இருக்கும். ஆள் வந்ததற்கு அதுதான் அடையாளம்.

இருந்தது. முழ நீளம். பெண்ணின் முடி.

"மான்சோக் அம்மா, இது ஒம் புள்ள இல்ல. கடல்ல வுட்டுடு, மறுபடி எறக்குவோம்," என்றாள் மூதாங். "இத வீட்டுக்குக் கொண்டு போனா, அவனுக்கு இனிமே கயிறு எறக்க முடியாது."

ஓக்புன் கிண்ணத்தை மார்போடு அணைத்துக்கொண்டாள். "யாரு பெத்த பொண்ணோ... அந்தக் குளிருல கயித்தப் புடிச்சுட்டு வந்திருக்கா. அவ கைய எப்படி ஒதறுவேன்?"

முடியைத் துணியில் முடிந்து அலமாரியில் வைத்தாள். வருஷா வருஷம் திதியன்று கதவைத் திறந்து வைத்து, இரண்டு கிண்ணம் சோறு படைப்பாள். விடிந்து பார்த்தால் பெண்ணின் சோறு குழிந்திருக்கும். மகனுடையது குவித்தபடியே இருக்கும். "பெத்த புள்ளைய தண்ணில வுட்டுட்டு ஊரான் வீட்டுப் பேய்க்குச் சோறு போடுறா," என்று ஊர் சிரித்தது. அவள் இரண்டு கிண்ணத்தையும் பார்த்துப் பார்த்து அழுவாள்.

ஒரு வருஷம், பனி கொட்டிய இரவு... விடிந்ததும் வீடெல்லாம் உப்பும் டீசலும் மணத்தது. மகனின் சோறு குழிந்திருந்தது. அதில் ஒரு குட்டை முடி. பெண்ணின் சோறு அப்படியே இருந்தது. அலமாரித் துணியைப் பிரித்தாள்... வெறும் துணி. தரையில் ஈரத் தடங்கள். உள்ளே வந்தவை பெரிய பாதங்கள். வெளியே போனவை சின்னவை.

"அடிப்பாவிப் பொண்ணே! அவனுக்கு எடம் வுட்டுட்டு நீ போயிட்டியே!" என்று வெறுங்காலோடு துறைக்கு ஓடினாள்.

இன்றும் ஓக்புன் அந்தப் பெண்ணுக்காகக் கிண்ணம் இறக்குகிறாள். போன மாதம் பியோங்சோல் கயிற்றைப் பிடித்திருக்கிறான். கீழே யாரும் இழுக்கவில்லையாம். கயிறு தொய்கிறதாம்... யாரோ அடியில் கை கொடுத்து, கிண்ணத்தை மெல்ல மேலே தள்ளிவிடுகிறார்களாம்.