ஃப்ரீசர் பெட்டியில் ஐந்தாவது டேக்

உங்கள் ஸ்டேஷன் டீ நன்றாக இருக்கிறது, இன்ஸ்பெக்டர் மேடம். ஷூட்டிங்கில் கொடுப்பதைவிட இஞ்சி கொஞ்சம் கூடுதல். தாளும் பேனாவும் கொடுத்து எழுதித் தரச் சொன்னீர்கள். நிதானமாகவே எழுதுகிறேன். எனக்கும் இப்போது வேலை இல்லை. நான் வேலை பார்த்த அம்மா போன செவ்வாய்க்கிழமைதான் இறந்தார்.

என் பெயர் சரசா. நடிகை எழில்மாலாவுக்கு டச்சப். வியர்வை ஒற்றுவது, பவுடர் போடுவது, குடை பிடிப்பது, மாத்திரை எடுத்துக் கொடுப்பது எல்லாம் நான்தான். இருபத்தெட்டு வருடம். நீங்கள் கேட்டது ஒரே ஒரு கேள்வி. நெஞ்சு வலித்தால் நாக்குக்கு அடியில் வைக்கும் மாத்திரை என் பையில் அட்டை முழுதாக இருந்ததே, ஏன் கொடுக்கவில்லை? நல்ல கேள்வி. மாரடைப்பு என்று எழுதிக் கையெழுத்துப் போட்ட டாக்டருக்கு அது தோன்றவில்லை.

எழில்மாலா தஞ்சாவூர்ப் பக்கம் சங்கீதக் குடும்பத்தில் பிறந்தவர் என்று பத்திரிகையில் படித்திருப்பீர்கள். அவளுடைய நிஜப் பெயர் வேம்புலி. அம்பத்தூரில் எங்களுக்கு அடுத்த தெரு. அவள் அப்பாவும் என் அப்பாவும் தொழிற்பேட்டை எஸ்டேட்டில் ஒரே லேத் பட்டறையில் வேலை. அந்த வீட்டில் கேட்ட சங்கீதம் குழாயடிச் சண்டை மட்டும்தான்.

ஆயுத பூஜைக்கு எஸ்டேட்காரர்கள் நாடகம் போடுவார்கள். அந்த வருடம் கதாநாயகி நான். வேம்புலி வேலைக்காரி. காபித் தட்டோடு வந்து ஒரு வசனம் சொல்லிவிட்டுப் போக வேண்டும். முந்தின நாள் ஒத்திகை முடிந்ததும் அவள் எனக்கு இரண்டு சேமியா ஐஸ் வாங்கிக் கொடுத்தாள். விடிந்ததும் எனக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. என் வசனம் முழுக்க அவளுக்கு மனப்பாடமாக இருந்தது. அன்றைக்குப் பார்த்து முன்வரிசையில் ஒரு சினிமாக் கம்பெனி மேனேஜர் உட்கார்ந்திருந்தார். ஐஸை யாரும் என் வாயில் திணிக்கவில்லை, நான்தான் சாப்பிட்டேன். இதையெல்லாம் பகை என்று குறித்துக்கொள்ளாதீர்கள். நடந்ததைச் சொல்கிறேன், அவ்வளவுதான்.

மூன்று வருடம் கழித்து அவளே ஆள் அனுப்பி என்னை வேலைக்கு வைத்துக்கொண்டாள். பெரிய மனசு. வெளியில் ‘மேடம்’ என்று கூப்பிட வேண்டும், தனியாக இருக்கும்போது ‘வேம்பு’ என்று கூப்பிடலாம் என்று ஏற்பாடு.

சினிமாவில் அவளுக்குக் கிடைத்ததெல்லாம் கதாநாயகனின் தங்கை வேஷம். ஏழு படத்தில் இடைவேளைக்கு முன்னால் செத்தாள். கஷ்டம் என்னவென்றால், அவளுக்குச் சாக வராது. அழுவாள், ஆடுவாள், பளாரென்று அறைவாள். பிணமாகப் படுக்க வைத்தால் மட்டும் இமை துடிக்கும், வயிறு ஏறி இறங்கும். ஒரு படத்தில் தும்மிவிட்டாள். அதனால் முகத்தை வெள்ளைத் துணியால் மூடிவிட்டு, அடியில் என்னைப் படுக்க வைப்பார்கள். எனக்கும் அவளுக்கும் ஒரே உயரம். ஏழு பிணமும் நான்தான், மேடம். நீங்கள்கூட அழுதிருப்பீர்கள்.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. பிணமாக நடித்தவர் எழுந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதையும் படம் பிடிப்பார்கள். அப்போதுதான் தோஷம் கழியுமாம். அந்த ஏழு தடவையும் சிரித்தது அவள்தான். டைட்டிலில் பெயர் அவளுக்கு, அதனால் சிரிப்பும் அவளுக்கு. நான் துணியை மடித்துக் கொடுத்துவிட்டுக் குடையை எடுத்துக்கொள்வேன். தோஷம் யார் தலையில் நின்றது என்று யாரும் கணக்குப் பார்க்கவில்லை.

சினிமா கைவிட்ட பிறகு நாலு வருடம் சபா நாடகம். அங்கே நாற்பதாவது வரிசைக்கும் கேட்கிற மாதிரி கத்திப் பழகியதால் சீரியலில் மாமியார் ஆனாள். பத்து வருடமாக ஒரே பட்டுப்புடவைக் கோபம். மக்கள் கோயிலில் பார்த்தால் திட்டுவார்கள். அதை அவள் விருது மாதிரி சொல்லிக்கொண்டு திரிவாள். இரண்டு வருடத்துக்கு முன்பு இதயக் குழாயில் ஸ்டென்ட் வைத்தார்கள். அன்றிலிருந்து எங்களுக்குள் ஒரு சைகை. இடது சுண்டு விரலை இரண்டு முறை ஆட்டினால் வலி என்று அர்த்தம். நான் “டச்சப்” என்று குரல் கொடுத்துக்கொண்டு ஓடுவேன். டைரக்டர் கட் சொல்வார். பவுடர் போடுகிற மாதிரி வாயில் மாத்திரையை வைத்துவிடுவேன். வியாதி இருப்பது தெரிந்தால் வாய்ப்பு போய்விடும் என்று பயந்தாள். அதனால் யூனிட்டில் வேறு யாருக்கும் தெரியாது.

சரி, செவ்வாய்க்கிழமை. மாங்காட்டுக்குப் பக்கத்தில் ஷூட்டிங் வீடு. கதைப்படி மாமியார் செத்துப் போகிறாள். ஒரு மாதம் கழித்து இரட்டைத் தங்கையாகத் திரும்பி வருவதாக ஏற்பாடு. பிணத்தின் முகம் கண்ணாடி வழியே தெரிய வேண்டும் என்று டைரக்டர் அபிஷேக் பிடிவாதமாக இருந்தார். துணியும் கிடையாது, நானும் தேவையில்லை.

ஃப்ரீசர் பெட்டியை பூபாலன் என்ற ஆள் வாடகைக்குக் கொண்டுவந்திருந்தார். நிஜச் சாவுகளுக்குப் போகிற பெட்டி. “மூணு மணிக்கு வேப்பம்பட்டுல ஒர்ஜினல் பாடி கீதுண்ணா, சீக்கிரம் வுட்ருங்க” என்று டைரக்டரை நச்சரித்துக்கொண்டே இருந்தார். மின்சாரம் கொடுக்கவில்லை. மூச்சு விட ஓரத்தில் கட்டை வைத்து மூடியைக் கொஞ்சம் தூக்கியிருந்தார்கள். எல்லாம் பாதுகாப்பாகத்தான் செய்தார்கள். அவர்கள் மேல் எந்தத் தப்பும் இல்லை.

படுப்பதற்கு முன்னால் அவள் கேட்டாள்.

“சரசு, ஒரு மாத்திரைய இடுப்புல சொருவிக்கட்டா? மாரு ஒரு மாரியா கீது.”

“பொணத்துக்கு இன்னாத்துக்கு வேம்பு மாத்திர? குளோசப்ல புடைச்சிக்கினு தெரியும். நான் இங்கதான கீறேன்” என்றேன்.

“நீ கீறல்ல, அது போதும்” என்றாள்.

நாலு டேக் வீணானது. இமை, வயிறு, மறுபடி இமை, நாலாவதில் சாமந்தி மூக்கில் பட்டுத் தும்மல். அபிஷேக் மைக்கில், “மேடம், செத்தவங்க தும்ம மாட்டாங்க” என்றார். யூனிட்டே சிரித்தது. அவளுக்குக் கண் கலங்கியது. ஒற்றிவிட்டேன். எனக்குப் பாவமாகத்தான் இருந்தது.

ஐந்தாவது டேக். மருமகள் பெட்டியின் மேல் விழுந்து அழ வேண்டும், இரண்டு பக்க வசனம். நான் பெட்டியின் இடப்பக்கம் ஸ்டூலில் இருந்தேன். மாலை மறைத்ததால் விரல் கேமராவுக்குத் தெரியாது, எனக்குத் தெரியும். முதல் பக்கம் பாதி வரும்போது சுண்டு விரல் இரண்டு முறை ஆடியது. எழுந்தேன். கண்ணாடி வழியே முகத்தைப் பார்த்தேன். இமை துடிக்கவில்லை. வயிறு ஏறவில்லை. வலியில் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தாள் போல. இருபத்தெட்டு வருடத்தில் முதல் முறையாகப் பிணம் மாதிரி இருந்தாள். இப்போது போய் ஷாட்டைக் கெடுத்தால் மறுபடி சிரிப்பார்கள். அவள் நல்லதுக்குத்தான் நான் திரும்ப உட்கார்ந்தேன்.

விரல் மறுபடி ஆடியது. அப்புறம் ஒரு தடவை, ஒரே ஒரு முறை மட்டும். எங்கள் ஏற்பாட்டில் ஒருமுறைக்கு அர்த்தம் கிடையாது.

கட் சொன்னதும் எல்லாரும் கை தட்டினார்கள். “மேடம், பின்னிட்டீங்க. எழுந்து ஒரு சிரிப்பு” என்றார் அபிஷேக். கேமரா ஓடிக்கொண்டே இருந்தது. அவள் விளையாடுகிறாள் என்று நினைத்து இன்னும் கொஞ்சம் தட்டினார்கள். பூபாலன்தான் கிட்டே வந்து குனிந்து பார்த்தார். “அண்ணா, இது ஆக்டிங் இல்லண்ணா. நான் டெய்லி பாக்கறவன்” என்றார். வேப்பம்பட்டுக்கு வேறு பெட்டி போயிற்று. இந்தப் பெட்டி அவளோடேயே அம்பத்தூருக்கு வந்தது. நான் அழுதேன், மேடம். அது நடிப்பில்லை.

இதற்குப் பிறகு நடந்தது உங்களுக்குத் தெரியாது. வெள்ளிக்கிழமை ஒளிபரப்ப வேண்டும், இன்னும் இரண்டு ஷாட் பாக்கி. வியாழக்கிழமை காலையில் அபிஷேக் என்னிடம் தயங்கித் தயங்கி வந்தார். “அக்கா, உங்க உயரம்தான் சரியா இருக்கும். தப்பா எடுத்துக்காதீங்க” என்றார். எடுத்துக்கொள்ளவில்லை. அவள் புடவையைக் கட்டிக்கொண்டு அதே மாதிரிப் பெட்டியில் படுத்தேன். முகத்தில் பாதி மாலை. ஒரே டேக்.

அப்புறம் வழக்கப்படி என்னைச் சிரிக்கச் சொன்னார்கள். இந்தத் தடவை சிரிக்க அவள் இல்லையே. மாலையை எடுத்துவிட்டு எழுந்து உட்கார்ந்து, கேமராவைப் பார்த்துச் சிரித்தேன். ஒளிப்பதிவாளர் கட் சொல்ல மறந்து பார்த்துக்கொண்டிருந்தார். யாரோ ஒரு பெண் எனக்கு வியர்வை ஒற்றிவிட்டாள்.

ஆக, உங்கள் கேள்விக்குப் பதில்: விரல் ஆடியதைப் பார்த்தேன், மாத்திரைப் பை என் மடியில் இருந்தது, கொடுக்கவில்லை. இதில் பொறாமை எதுவும் இல்லை. ஒரு சின்ன உதவி மட்டும் கேட்கிறேன். அந்தச் சிரிப்பை டி.வி.யில் போட மாட்டார்கள், அழித்துவிடுவார்கள். ஆதாரமாக வேண்டும் என்று எழுதிக் கேட்டு வாங்கிவிடுங்கள். கோர்ட்டில் எல்லாரும் பார்க்கிற மாதிரி பெரிய திரையில் போடுவார்களா? அதில் என் முகம் முழுசாகத் தெரிகிறது.