அனுஷனின் அத்தான்

காலை ஐந்தரைக்கு எழுவேன். தேநீருக்குக் கேத்திலைப் போடுவேன். கைகளைச் சவர்க்காரம் போட்டு முழங்கை வரை கழுவுவேன். படுக்கையறைக்குப் போய் ராகவியின் வயிற்றுக் குழாயை இயந்திரத்திலிருந்து கழற்றி, புது மூடி பூட்டுவேன். அவளுடைய சிறுநீரகங்கள் வேலை செய்யவில்லை. இரவு முழுவதும் அந்த இயந்திரம் அவள் வயிற்றுக்குள் மருந்துநீரை விட்டு, கழிவோடு திரும்ப எடுத்து, ஒரு பையில் நிரப்பி வைத்திருக்கும். பையைக் குசினி மேசையில் விரித்த பத்திரிகைத் தாளின் மேல் வைப்பேன். பைக்கு ஊடாக எழுத்துகளை வாசிக்க முடிந்தால் கிருமி இல்லை. பிறகு அதைக் கழிவறையில் ஊற்றிவிட்டு, தேநீரோடு அவளிடம் போவேன்.

“தெளிவோ?” என்று கண்ணைத் திறக்காமலே கேட்பாள்.

“தெளிவு” என்பேன்.

இப்படி இரண்டு வருடங்கள். அவள் இறந்தும் இரண்டு வருடங்களாகிவிட்டன. இப்போதும் ஐந்தரைக்குத்தான் எழுகிறேன்.

ஜெயரட்ணம் அங்கிள், நீங்கள் கேட்டது இதையல்ல என்று தெரியும். சங்கத்தின் ஆண்டு மலருக்கு அனுஷனைப் பற்றி இரண்டு பக்கம் கேட்டீர்கள். பள்ளிக்கூடத்திலிருந்து அமெரிக்க மேஜர் லீக் வரை அவன் போன பாதையை வீட்டில் ஒருவர் எழுதினால் நன்றாக இருக்கும் என்றீர்கள். அட்டையின் மாதிரியையும் அனுப்பியிருந்தீர்கள். அட்டையில் ஒரு பிழை இருக்கிறது. ரயில் பாதை வரைபடங்களில் பிழை பார்ப்பது என் தொழில். பிழையைக் கண்டபிறகு பேசாமல் கையெழுத்து வைப்பது எனக்குப் பழக்கமில்லை. ஆனால் அதைத் திருத்துவதற்கு முதலில் அவன் போன பாதையைச் சொல்ல வேண்டும்.

அனுஷன் ராகவியின் தம்பி. அவளைவிட ஒன்பது வயது இளையவன். தாய் தகப்பன் இறந்தபிறகு சித்தப்பா ஒருவர் ஸ்பொன்சர் செய்து இருவரையும் சிட்னிக்கு எடுத்தார். அப்போது அவனுக்கு ஒன்பது வயது, அவளுக்குப் பதினெட்டு. குவேக்கர்ஸ் ஹில்லில் ஒரு வீட்டின் பின்பக்க அறையில் இருந்தார்கள். ராகவி பகலில் முதியோர் இல்லத்தில் வேலை செய்தாள், மாலையில் படித்தாள்.

பள்ளிக்கூடத்தில் மற்றத் தமிழ்ப் பிள்ளைகளைப்போல அவனும் கிரிக்கெட்தான் விளையாடினான். எல்லைக்கோட்டிலிருந்து அவன் எறிந்த பந்து நிலத்தில் படாமல் விக்கெட்டுக்கு வந்ததை விளையாட்டு ஆசிரியர் ஒருநாள் பார்த்தார். அவர் வார இறுதிகளில் பேஸ்போல் பயிற்சியாளர். அடுத்த சனிக்கிழமை, ஒரு கைக்கு மட்டும் போடும் பேஸ்போல் கையுறையோடு வரச்சொன்னார். ராகவி கடைக்குப் போய் ஒரு கையுறை எடுத்துவிட்டு, மற்றக் கைக்கு எங்கே என்று கேட்டாளாம். இந்தக் கதையை மலரில் போடலாம். ஆட்களுக்குப் பிடிக்கும்.

நான் அவளைக் கல்யாணம் செய்தபோது அவனுக்குப் பதினைந்து வயது. மாநிலப் பிள்ளைகள் அணியில் இருந்தான். சனிக்கிழமைகளில் பிளாக்டவுன் மைதானத்துக்கு நான்தான் ஏற்றிக்கொண்டு போவேன். அவன் அவுட்ஃபீல்டர். நடுப்பக்கம் அவனுடையது. மைதானத்தில் பந்தடிப்பவனிலிருந்து மிகத் தூரத்தில் நிற்பவன் அவன். பெரும்பாலான நேரம் சும்மா நிற்பான். பந்து மட்டையில் படும்போதே அது எங்கே விழும் என்று தெரிந்து ஓடத் தொடங்க வேண்டும். பார்த்து, யோசித்து, பிறகு ஓடினால் பிந்திவிடும். அனுஷன் யோசிப்பதில்லை. நான் கார் கண்ணாடிக்கு ஊடாக அதைப் பார்த்துக்கொண்டிருப்பேன். நான் எந்த விளையாட்டிலும் சேர்க்கப்பட்டவனல்ல.

பதினேழு வயதில் ஒரு அமெரிக்க அணி அவனை எடுத்தது. எடுத்தவுடன் மேஜர் லீக்கில் விளையாட விடமாட்டார்கள். கீழே மைனர் லீக் என்று ஐந்தாறு படிகள். ஒவ்வொரு படியிலும் பாதிப்பேரை வீட்டுக்கு அனுப்புவார்கள். ஒரு சீசன் விளையாடாமல் விட்டவனின் இடத்துக்குப் பத்துப் பேர் நிற்பார்கள். இதைப் பற்றி நான் நிறைய வாசித்திருக்கிறேன்.

அமெரிக்காவில் மாலை ஏழு மணி என்றால் எங்களுக்கு அடுத்தநாள் காலை ஒன்பது. வீட்டிலிருந்து வேலை செய்வதால் மடிக்கணினியின் ஒரு பக்கத்தில் வரைபடம், மறுபக்கத்தில் ஆட்டம். ராகவி பக்கத்தில் போர்வையோடு இருப்பாள். விதிகள் அவளுக்குக் கடைசிவரை விளங்கவில்லை. “எங்கட ஆள் ஏன் சும்மா நிக்கிறான், தண்டனையே?” என்பாள்.

பென்டில் ஹில் கடையில் என் பெயர் ஒருவருக்கும் தெரியாது. பதினொரு வருடங்கள் அங்கே மரக்கறி வாங்கியிருக்கிறேன். அனுஷன் இரண்டாவது படிக்குப் போன வாரம் கடைக்காரர் யோகேஸ்வரன் அண்ணை என்னைப் பார்த்து, “ஆ, அனுஷன்ரை அத்தான் வாறார், வழி விடுங்கோ” என்றார். “என்னடாப்பா உந்த விளையாட்டு? பிடிச்சாலும் கை தட்டுறாங்கள், விட்டாலும் கை தட்டுறாங்கள். கிரிக்கெட் எண்டால் ஆரை ஏசுறதெண்டாவது எங்களுக்குத் தெரியும்.” வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். விதிகளை விளக்கச் சொன்னார்கள். நான் அரை மணிநேரம் விளக்கினேன். இதை ஒரு காரணமாகச் சொல்லவில்லை. நடந்ததைச் சொல்கிறேன்.

இரண்டு வருடங்களுக்கு முன், பெப்ரவரியில், டொக்டர் எங்களைக் கூப்பிட்டுக் கதைத்தார். இயந்திரத்தோடு காலம் தள்ளலாம், ஆனால் உறவினர் ஒருவரின் சிறுநீரகம் கிடைத்தால் நல்லது, கூடப்பிறந்தவர் என்றால் இன்னும் நல்லது என்றார். காரில் வரும்போது ராகவி சொன்னாள்:

“நான் அவனிட்டைக் கேக்கமாட்டன். அக்கா கேட்டால் அவனால ஏலாதெண்டு சொல்லேலாது. நீங்கள் கேளுங்கோ. உங்களிட்டை எண்டால் மனசில கிடக்கிறதைச் சொல்லுவான்.”

நான் கேட்கவில்லை. கேட்க வேண்டியும் வரவில்லை. இரண்டாம் நாள் அவனே எனக்குப் போன் எடுத்தான். பயிற்சி முகாமில் இருந்தான். பின்னால் ஆட்களின் சத்தம்.

“அத்தான், டொக்டர் என்ன சொன்னவர்? கிட்னி வேணுமெண்டால் என்ரையை எடுக்கச் சொல்லுங்கோ. ஐம் சீரியஸ். சீசனை விட்டிட்டு வாறன்.”

உன்னுடையது பொருந்தாதாம் என்றேன். இரத்த வகை வேறு என்றேன். உண்மையில் இருவருக்கும் ஒன்றுதான். அவனுக்குத் தன்னுடையது தெரியாது. சிறுநீரகத்துக்குக் காத்திருப்பவர்களின் பட்டியலில் அக்காவின் பெயர் முன்னுக்கு வந்துவிட்டது, வேறொருவருடையது கிடைக்கும், இதைப் பற்றி அவளோடு கதைத்தால் அழுவாள், கதைக்காதே என்றேன். அவன், “தாங்ஸ் அத்தான், நீங்கள் இல்லாட்டி எனக்கு ஒண்டும் தெரியாது” என்றான்.

ராகவியிடம், கேட்டேன், அவன் மாட்டேன் என்றான் என்று சொன்னேன். யோசிக்கிறானாம் என்று சொல்லியிருக்கலாம். ஆனால் அப்படிச் சொன்னால் அவள் ஒவ்வொரு நாளும் எதிர்பார்த்துக்கொண்டிருப்பாள். நோயாளிக்கு அது கூடாது. அவள் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, “அங்க சாப்பாடு எப்பிடியாம்?” என்று கேட்டாள்.

ஞாயிற்றுக்கிழமைகளில் இருவரும் வீடியோவில் கதைப்பார்கள். அவனை வெட்கப்படுத்தக் கூடாது என்று அவள் சிறுநீரகத்தைப் பற்றிப் பேசமாட்டாள். அவளை அழவைக்கக் கூடாது என்று அவனும் பேசமாட்டான். கோழிக்கறியைப் பற்றிக் கதைத்தார்கள். நான் பக்கத்தில் இருந்து கேட்டுக்கொண்டிருப்பேன்.

இதில் நான் கவனமாகவே யோசித்தேன். இயந்திரத்தோடு பத்து, பதினைந்து வருடம் இருப்பவர்கள் உண்டு. அவனுக்கு இருந்தது அந்த ஒரு சீசன். ஒக்டோபரில் ஆட்டங்கள் முடிந்ததும் அவன் மனம் மாறிவிட்டான் என்று அவளிடம் சொல்வேன். இரத்தத்தைத் திரும்பச் சோதித்தார்கள் என்று அவனிடம் சொல்வேன். இருவருக்கும் சந்தோஷமாக இருக்கும். ஒருவருக்கும் ஒன்றும் குறையாது. அவனுக்காகத்தான் அவள் பதினெட்டு வயதிலிருந்து உழைத்தாள். என்னிடம் ஆற அமரக் கேட்டிருந்தால் அவளும் இதையேதான் சொல்லியிருப்பாள்.

ஜூன் மாதம், ஒரு வெள்ளிக்கிழமை காலை, பைக்கு ஊடாகப் பத்திரிகை எழுத்துகளை வாசிக்க முடியவில்லை. அரிசி கழுவிய தண்ணீர்போல இருந்தது. தலைப்பு எழுத்துகள் மட்டும் நிழலாகத் தெரிந்தன.

அப்படியிருந்தால் எந்த நேரமானாலும் உடனே வைத்தியசாலைக்கு எடுக்க வேண்டும் என்று தாதி சொல்லியிருந்தார். அவர்களுடைய தொலைபேசி இலக்கம் ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டியிருந்தது. ஆனால் அன்று தொடங்கி மூன்று நாட்கள் அனுஷனின் ஆட்டங்களைப் பார்க்க மேஜர் லீக் அணியிலிருந்து ஆட்கள் வருவதாக அவன் சொல்லியிருந்தான். ஏப்ரலில் அவளை வைத்தியசாலையில் இரண்டு நாள் மறித்து வைத்தபோது அவன் விமான டிக்கெட்டே போட்டுவிட்டான். அதை நிறுத்த எனக்கு ஒரு பகல் முழுவதும் பிடித்தது. இந்த முறை வந்தால் டொக்டரைச் சந்திப்பான். டொக்டர் சிறுநீரகத்தைப் பற்றிக் கேட்பார்.

பையை ஊற்றினேன். தேநீரைக் கொண்டுபோனேன்.

“தெளிவோ?”

“தெளிவு.”

“வயிறு பிடிச்சு இழுக்குது.”

இரண்டு பனடோல் மாத்திரை கொடுத்தேன்.

சனிக்கிழமையும் தெளிவு என்றேன். அவளுக்குக் காய்ச்சல் இருந்தது. எழுந்து குசினிவரை வந்து தானும் பார்க்கவா என்று கேட்டாள், நான் ஊற்றிவிட்டேன் என்றேன். அதற்குமேல் கேட்கவில்லை. நான் சொல்வதை அவள் திருப்பிக் கேட்பவளல்ல.

ஞாயிற்றுக்கிழமை அங்கே மழை. மைதானத்தை ஒரு பெரிய விரிப்பால் மூடியிருந்தார்கள். விரிப்பின்மேல் மழை விழுவதை ஒரு மணி ஐம்பது நிமிடம் பார்த்துக்கொண்டிருந்தேன். அறையிலிருந்து அவள் இரண்டு தடவை கூப்பிட்டாள். வாறன் என்றேன். ஆட்டம் நடக்காது என்று பிறகுதான் அறிவித்தார்கள். முதல் இரண்டு நாட்களிலும் அனுஷன் எட்டுத் தடவை மட்டை பிடித்து ஒரு தடவைதான் ஒழுங்காக அடித்தான். பார்க்க வந்தவர்கள் வந்தார்களா என்றும் தெரியவில்லை.

திங்கட்கிழமை காலை அவளால் எழ முடியவில்லை. அம்புலன்ஸைக் கூப்பிட்டேன். நீர் எப்போதிலிருந்து கலங்கியிருக்கிறது என்று டொக்டர் கேட்டார். இன்றைக்குத்தான் என்றேன். அவர் அதை எழுதிக்கொண்டார். கிருமி இரத்தத்தில் ஏறிவிட்டது என்றார். வியாழக்கிழமை மத்தியானம் இறந்தாள். முப்பத்தொரு வயது.

அனுஷனுக்குப் புதன்கிழமைதான் சொன்னேன். அவன் வந்து சேர்ந்தபோது அவள் பெட்டிக்குள் இருந்தாள். மண்டபத்தில் என் கையைப் பிடித்துக்கொண்டு, “அக்கா கடைசியா என்ன சொன்னவ?” என்று கேட்டான். திரும்பிப் போகமாட்டேன் என்றும் சொன்னான். ஆகவே, “தம்பியை விளையாடச் சொல்லுங்கோ” என்று சொன்னாள் என்றேன். அவன் போனான்.

மிச்சம் உங்களுக்குத் தெரியும். அடுத்த வருடம் கடைசிப் படி. இந்த ஆகஸ்டில் மேஜர் லீக். முதல் நாளே சுவர்வரை ஓடி ஒரு பந்தைப் பிடித்தான். யோகேஸ்வரன் அண்ணை கடையில் வந்தவர்களுக்கெல்லாம் வடை கொடுத்தார். என்னைத்தான் முதலில் எடுக்கச் சொன்னார். எடுத்துச் சாப்பிட்டேன். ஆட்டம் முடிந்து பேட்டியெடுத்தவர்களுக்கு அனுஷன் தொப்பியைக் கழற்றி உள்ளே காட்டினான். “விளையாடச் சொல்லுங்கோ” என்ற அந்த வசனத்தை ஆங்கில எழுத்துகளில் எழுதி வைத்திருந்தான். அதைத்தான் நீங்கள் அட்டையில் ராகவியின் படத்துக்குக் கீழே பெரிய எழுத்தில் போட்டிருக்கிறீர்கள்.

அந்த வசனம் அவளுடையதல்ல. என்னுடையது. அதை எடுத்துவிடுங்கள். அச்சில் வந்த பிழையைப் பிறகு திருத்த முடியாது.

இந்தக் கடிதத்தை நீங்கள் யாரிடமும் கொடுக்கலாம். பொலிசுக்குக் கொடுப்பதானால் மொழிபெயர்க்க ஆள் தேவைப்படும். அனுஷனுக்கு அனுப்புவதானாலும் அனுப்புங்கள். ஒன்பது வயதில் வந்தவன், தமிழை எழுத்துக்கூட்டித்தான் வாசிப்பான். இந்த வரிக்கு வந்து சேர அவனுக்கு நேரம் எடுக்கும்.

நான் இருவருக்கும் நல்லதைத்தான் நினைத்தேன். ராகவி என்னில் ஒரு குறையும் கண்டதில்லை. மனதில் ஒன்றும் இல்லாமல்தான் போனாள் என்று நம்புகிறேன். புதன்கிழமை பின்னேரம், மூச்சுக் குழாய் வைக்கத் தாதிமார் ஆயத்தப்படுத்திக்கொண்டிருந்தார்கள். அவள் முகமூடியைக் கையால் விலக்கி என்னைக் கிட்ட வரச்சொன்னாள். குனிந்தேன். அவள் உண்மையில் சொன்னது இதுதான். அட்டைக்குப் பொருந்துமா என்று நீங்களே பாருங்கள்.

“தம்பி மாட்டனெண்டு சொன்னதை ஒருத்தருக்கும் சொல்லிப்போடாதேங்கோ, என்ன.”