ஃப்ரிட்ஜ் வரைக்கும் நம்ம வீடு

"ஃப்ரிட்ஜ் வரைக்கும்தாங்க நம்ம வீடு. அதுக்கு அந்தப் பக்கம் எல்லாம் பேங்க்கோடது."

சத்திரம் பஸ் ஸ்டாண்டிலிருந்து ஸ்ரீரங்கம் போகும் பஸ்ஸில், எனக்கு முன் சீட்டில் இருந்த பெண் தன் கணவரிடம் இப்படிச் சொன்னார். அதற்கப்புறம் நான் போனைப் பார்ப்பதுபோல் நடிக்க வேண்டியதாயிற்று.

"அதுக்காக வீட்டுக்குள்ள சாக்பீஸ்ல கோடு போடுவியா?"

"பின்ன? வாங்கின கடன் முப்பது லட்சம். மூணு வருஷத்துல ஒம்பது லட்சத்துக்கு மேல கட்டியாச்சு. அசல்ல கழிஞ்சது ரெண்டு லட்சம்கூட இல்ல, மிச்சம் பூரா வட்டி. அந்தக் காசுக்குச் சமையலறைதான் வருது, டேப் வச்சு அளந்து பாத்துட்டேன்."

"இருபது வருஷம் முடிஞ்சா எல்லாம் நம்மளதுதானே?"

"அதுக்குள்ள அறுபத்திரெண்டு லட்சம் கட்டியிருப்போம். ரெண்டு வீட்டுக் காசைக் கொடுத்துட்டு ஒரு வீட்டுல இருப்போம்."

"இல்ல, இந்த போனஸ்ல பெரிய டிவி ஒண்ணு வாங்கலாம்னு..."

"வாங்கி எங்க மாட்டுவீங்க? ஹால் சுவரு பேங்க்கோடது. அந்த போனஸ் ஒரு லட்சத்தை இப்பவே அசல்ல கட்டினோம்னா, பின்னாடி நாலு லட்சம் கட்ட வேண்டாங்க."

பஸ் காவிரிப் பாலத்தைத் தாண்டியது. மாம்பழச்சாலையில் பஸ் நின்றபோது கணவர் மனைவி பக்கம் திரும்பினார்.

"சரி, கட்டிடலாம். ஆனா கோடு உன் இஷ்டத்துக்குப் போகக் கூடாது."

"வேற எப்படிப் போகணுமாம்?"

"நேரா ஜன்னல் பக்கம் போகட்டும். என் ஈஸிசேர் மூணு வருஷமா பேங்க் இடத்துலயே கிடக்கு."