கீறல் முட்டைக் குழம்பு

"உங்க தம்பி தியேட்டர்ல அவரையே திட்டிக்கிட்டாருங்க, நங்கையா."

சேலத்திலிருந்து நாமக்கல் போகும் பேருந்து. முன் இருக்கையில் ஒரு பெண் தன் கணவனின் அக்காவிடம் இப்படிச் சொன்னதும் என் தூக்கம் கலைந்தது.

"என்ன கண்ணு சொல்றே?"

"டிவியில பூரிக்கட்டையால அடி வாங்கி நம்மளச் சிரிக்க வெச்சாளே, இப்ப டைரக்டராகி மொதப் படம் எடுத்திருக்கறவ, அவ எங்கூடப் படிச்சவளுங்க. போன்ல எங்கதையக் கேட்டா, சொன்னேன். சிரிப்புப் படம்னு நம்பித்தான் எல்லாரையும் கூட்டிட்டு வந்தேன்."

"அப்ப, படத்துல, விக்காத கீறல் முட்டைய வெச்சுப் பண்ணுன குழம்புல உப்பில்லேன்னு பொண்டாட்டி மூஞ்சியில தட்டை வீசுற அந்தப் பண்ணைக்காரன்..."

"உங்க தம்பிதானுங்க. 'இவனெல்லாம் மனுசனா'ன்னு அவரே கத்துனாரு."

அக்கா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். ஜன்னலில் மரவள்ளிக் காடுகள், கோழிப் பண்ணைகள், மறுபடியும் மரவள்ளிக் காடுகள்.

"அவன் தட்டை வீசறப்பப் பக்கத்துல உக்காந்து சிரிச்சாளே ஒரு பாவி, அவ ஆரு கண்ணு?"

இளையவள் மடியிலிருந்த பையையே பார்த்தாள்.

"நீங்கதானுங்க."

புதுச்சத்திரம் என்று நடத்துநர் கூவினார். இளையவள் எழுந்து நின்றாள். மூத்தவள் எழவில்லை.

"நான் சிரிச்சனா, கண்ணு?"