குறுக்கே கிடந்த புளியமரம்

— மெதுவா தேயிமே. தோள்பட்ட கழண்டு கையோட வந்துடும் போலகீது.

— கோடாலி புடிச்ச தோளு வேற எப்பிடி இருக்கும்? திரும்பு மாமா, முதுகுக்கும் எண்ண வெக்கறேன். எத்தினி மரம் சாய்ச்ச?

— எண்ணிக்கினா இருந்தேன்? இட ஒதுக்கீடு கேட்டு ரோட்ட மறிக்கறோம், மரம் வெட்றவன்லாம் வாங்கடான்னு சங்கத்துல கூப்ட்டாங்க. போனேன். நம்ம புள்ளைங்களாச்சும் நாளைக்கு நாற்காலியில ஒக்காரட்டும். ஆமா, நீ எப்பிடி வந்து சேந்த? வெள்ளிமலை பஸ்ஸுதான் ஓடலியே.

— மலையில இத்தினி நாளு சோறாக்கிப் போட்டவளாச்சேன்னு வெள்ளக்காரத் தொரையே ஜீப்புல கூட்டியாந்தாரு. மலையடிவாரம் வரைக்கும்.

— கெளம்பிட்டாரா?

— பின்ன? தந்தி வந்தது ஒனக்குத் தெரியாதா? ஜெர்மனியில, அவங்க ஊரு கூத்துல, மறுபடியும் ராசா வேசம் குடுக்கறாங்களாம். கொயந்த மாதிரி தந்திய தலமாட்டுல வெச்சிக்கினு தூங்கினாரு மனுசன்.

— ரொட்டி சுடறவரு மவன் அவரு. மாதா கோயில்ல பாடி, அப்புறம் மேடையில கும்பலோட கும்பலா நின்னு பாடி, ராசா வேசத்துக்கு வர்றதுக்குள்ள பாதி வயசு போயிடுச்சும்பாரு. நம்ம கூத்து மாதிரியேதான், மைக்கு கெடையாது. கடைசியில குந்தியிருக்கறவன் காதுக்கும் கொரலு போவணும்.

— அந்தக் கொரலுதான் ஒரு நாளு உச்சியில போயி ஒடைஞ்சிச்சே. ஜனம் கேலியா சீட்டி அடிச்சதச் சொல்றப்ப இன்னிக்கும் மூஞ்சியத் திருப்பிக்குவாரு.

— அதோட எல்லாத்தையும் வுட்டுட்டு மலைக்கு வந்தப்ப வாயே தொறக்க மாட்டாரு. எங்க கூத்து செட்டுல பின்பாட்டுக்கு ஒக்காந்த அப்புறந்தான் கொரலு திரும்புச்சு. நான் ஒரு அடி எடுத்தா அவரு வாங்கிப் பாடுவாரு. அவரு எடுத்தா நான். எடுத்த அடிய எதிராளி வாங்காம வுட்டா, மேடையில வெச்சி செருப்பால அடிச்ச மாதிரி தொரைன்னு மொதல்ல அதத்தான் சொன்னேன்.

— மறக்கல அவரு. இன்னிக்குப் பாத்தேன்.

— இன்னாத்தப் பாத்த?

— கடைசி வளைவுல ஒரு புளியமரம் குறுக்க கெடந்துச்சு. ஜீப்பு நின்னுடுச்சு. டிரைவரு கத்திப் பாத்தான், ஒருத்தரையும் காணோம். தொரை எறங்கி வெட்டுவாயத் தடவிப் பாத்தாரு. ஈரம் காயல. “பச்சமுத்து வெட்டு. பக்கத்துலதான் இருப்பான்”னாரு.

— என் பேரையா சொன்னாரு?

— சொல்லிட்டு மரத்து மேல ஏறி நின்னாரு. நீ ராசா வேசம் கட்னா மொதல்ல எடுப்பியே, அந்த அடிய எடுத்தாரு. மலை வாங்கிப் பாடிச்சு, ஆளு ஒருத்தரும் வாங்கல.

— இன்னா பண்ணாரு?

— கையக் கட்டிக்கினு நின்னுக்கினே இருந்தாரு. டிரைவரு சிரிச்சான். அப்புறம் பொட்டியத் தலையில தூக்கி வெச்சிக்கினு, கள்ளக்குறிச்சிப் பக்கம் நடந்தே போயிட்டாரு.

— அந்த நோவு புடிச்ச முட்டிய வெச்சிக்கினா?

— அவரு முட்டி இருக்கட்டும். வர்ற வழியில சங்கத்துச் சின்னதுரை அண்ணனக் கேட்டேன். மலை ஜனம் அரிசி உப்பு இல்லாம கெடக்கும், அந்த ரோட்டத் தொடாதீங்கன்னுதான் பேச்சாம். அந்த மரத்த எவன் வெட்னதுன்னு அவரு என்னக் கேக்கறாரு.

— எண்ண போதும். கைய எடு.

— மாமா.

— போனா வரமாட்டாரும்மே. அவரு கூடப் பாடறப்பத்தான் நான் கூலிக்காரன்ற நெனப்பே எனக்கு இருக்காது.

— அதுக்குன்னு அவரு பொழப்புக்குக் குறுக்க மரத்தப் போடுவியா? சரி, வெட்டிட்டு வூட்டுக்கு வந்துட்ட. பாட்டாச்சும் ஒன் காதுல வுழாம போச்சே.

— வூட்டுக்கு எங்க வந்தேன்? பொதருக்குப் பின்னால, கோடாலிய மடியில போட்டுக்கினு ஒக்காந்திருந்தேன். அவரு பொட்டியத் தூக்கற வரைக்கும் வாய் தொறக்கல. அந்த மனுசனுக்கு நான் ஒரு பின்பாட்டு கடன்பட்டிருக்கேன், சாலம்மா.