சர்க்கரை சேர்க்காத சாக்லேட்

சூடான சாக்லேட்டில் வெள்ளை பீன்ஸ் போடலாம் என்று சொன்னால் யாரும் நம்புவதில்லை. குழைய வேகவைத்துப் பாலோடு மிக்ஸியில் அடித்துவிட்டால் பீன்ஸ் இருக்கும் சுவடே தெரியாது. குடிக்கிறவர்கள் க்ரீம் ஊற்றியிருக்கிறாள் என்றுதான் நினைப்பார்கள். நீங்கள் உங்கள் கோப்பையைத் தொடவே இல்லை, சார்ஜென்ட். பரவாயில்லை, உங்கள் போலீஸ் வேலையில் எச்சரிக்கை நல்லதுதான். ஆனால் அதில் விஷம் எதுவும் கிடையாது. இந்த வீட்டில் எலிக்குக்கூடப் பொறிதான் வைப்போம்.

செய்முறையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், எப்படியும் கேட்பீர்கள். கொழுப்பு நீக்கிய பால், அதில் கொஞ்சம் பால் பவுடர், பீன்ஸ் விழுது, முட்டை வெள்ளைக்கரு பவுடர், ஜிம்முக்குப் போகும் பையன்கள் டப்பா டப்பாவாக வாங்குகிற புரோட்டீன் பவுடர், நல்ல கோகோ. சர்க்கரை மட்டும் சேர்க்க மாட்டேன். சர்க்கரை உடம்புக்கு ஆகாது.

என் கணவர் மெர்வ் இதை விரும்பிக் குடித்தார். காலையில் ஒன்று, மதியம் ஒன்று, சாயங்காலம் டிவி முன்னால் ஒன்று. கடைசித் துளிக்காகக் கோப்பையைக் கவிழ்த்துத் தட்டுவார். அவர் என்னைக் குறை சொல்லி ஒரு வார்த்தை பேசியதில்லை. அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

மெர்வ் வங்கி மேலாளராக இருந்தவர். ஆஸ்திரேலியாவில் வேறு இடமே இல்லாத மாதிரி வங்கி அவரை இந்த விக்டோரியா மாநிலம் முழுக்கப் பந்தாடியது. ஹார்ஷம், ஸ்வான் ஹில், ஹாமில்டன், மில்டுரா. எல்லா ஊரிலும் வங்கி கொடுத்த வீடு, வேறு எவளோ ஒருத்தி தேர்ந்தெடுத்த திரைச்சீலை. நான் புதுத் திரைச்சீலைக்குத் துணி எடுத்தால் போதும், மாற்றல் உத்தரவு வந்துவிடும். வங்கிக்கு என் தையல் மெஷின் சத்தம் கேட்குமோ என்று ஒரு காலத்தில் எனக்கே சந்தேகம் இருந்தது. அவர் ஓய்வு பெற்ற பிறகுதான் பல்லாரட்டில் இந்த வீட்டை வாங்கினோம். இந்தச் சமையலறையை நான் பார்த்துப் பார்த்துக் கட்டினேன். அந்த ஜன்னல் வடக்குப் பார்த்தது. ஜூலை மாதக் குளிரிலும் மேஜை மேல் வெயில் விழும். அந்த வெயிலில் உட்கார்ந்து சாவதுதான் என் திட்டம். நான் சாவதைத்தான் சொல்கிறேன்.

நம் நாட்டில் ஓய்வு பெற்ற ஆண்களுக்கு வருகிற வியாதி உங்களுக்குத் தெரியும். நாற்பது வருஷம் ஒழுங்காக இருந்த மனிதன் திடீரென்று வீட்டை விற்று, படுக்கையும் அடுப்பும் உள்ள காரவான் ஒன்றை வாங்கி, காருக்குப் பின்னால் மாட்டிக்கொண்டு நாட்டைச் சுற்றக் கிளம்பிவிடுவான். கூடவே பெண்டாட்டியும் போக வேண்டும், அவளும் சாமான்களில் ஒன்று. மெர்வுக்கும் அது வந்தது.

"வீட்டை வித்துடலாம்மா," என்றார் ஒரு நாள், ரொட்டியில் வெண்ணெய் தடவிக்கொண்டே. "நல்ல காரவான் ஒண்ணு பார்த்து வெச்சிருக்கேன். முன்பணமும் கட்டிட்டேன்."

"எனக்கு இந்த வீடு பிடிச்சிருக்கு, மெர்வ்."

"வீடுன்னா என்ன, நாலு சுவர்தானே. அதுக்கும் நாலு சுவர் இருக்கு. சக்கரம் வேற இருக்கு." அவர் நகைச்சுவைக்கு அவரே சிரித்தார். "நான் சொன்ன ஊருக்கெல்லாம் ஒரு வார்த்தை பேசாம வந்தவதானே நீ. இப்ப மட்டும் என்ன?"

அதில் கெட்ட எண்ணம் எதுவும் இல்லை. மெர்வுக்குக் கெட்ட எண்ணமே கிடையாது. எனக்குத்தான் தாங்கவில்லை. அன்று முழுக்க இந்தச் சமையலறையைத் துடைத்துக்கொண்டே இருந்தேன்.

கிளம்புவதற்கு முன்னால் உடம்பைப் பரிசோதித்துக்கொள்ளச் சொன்னது நான்தான். அக்கறையில் சொன்னேன். ரத்தப் பரிசோதனை முடிவு வந்ததும் டாக்டர் பென்ஹால் எங்கள் இருவரையும் கூப்பிட்டார். அவர் வாயைத் திறப்பதற்குள் மெர்வ் ஜன்னல் வழியாக வெளியே பார்த்துவிட்டார். வாகன நிறுத்தத்தில் யாருடைய காரவானோ நின்றது.

"ஏம்மா, அது ரெட்டை அச்சு வண்டி, நாலு சக்கரம். நான் போய் ஒரு எட்டுப் பார்த்துட்டு வந்துடறேன். டாக்டர், நீங்க கிளெனிஸ்கிட்டயே சொல்லிடுங்க. என் வாய்க்குள்ள என்ன போகுதுன்னு முடிவு பண்றது அவதான்."

டாக்டரும் சிரித்துக்கொண்டே தலையாட்டினார். இங்கே ஆண்கள் காரை மெக்கானிக்கிடம் விடுகிற மாதிரி உடம்பை மனைவியிடம் விட்டுவிட்டுப் போவார்கள். யாருக்கும் அது விசித்திரமாகப் படாது.

"கிட்னி ரெண்டும் பாதிக்கு மேல களைச்சுப் போச்சு, கிளெனிஸ்," என்றார் டாக்டர். "பயப்பட ஒண்ணுமில்ல. புரோட்டீன் கூடினா அதுக்குச் சுமை. இறைச்சி, முட்டை, பால் பவுடர் எல்லாம் குறைச்சுக்கணும். இப்ப எல்லாரும் குடிக்கிறாங்களே, அந்த ஜிம் பவுடர், அது பக்கமே போகக் கூடாது. அப்பப்ப ரத்தம் மட்டும் பார்த்துக்குவோம். கட்டுப்பாடா இருந்தார்னா இன்னும் பல வருஷம் நல்லா இருப்பார். தாராளமா ஊரும் சுத்தலாம்."

அந்தக் கடைசி வாக்கியத்தை அவர் சொல்லாமல் விட்டிருக்கலாம்.

மெர்வ் கைகளைத் தேய்த்துக்கொண்டு திரும்பி வந்தார். "என்ன சொன்னார்?"

"சாப்பாட்டுல கவனமா இருக்கணுமாம். உடம்புக்கு எது நல்லதுன்னு பார்த்துச் செய்யச் சொன்னார்."

நான் சொன்னதில் பொய் ஒன்றுகூட இல்லை. வேண்டுமானால் டாக்டரிடம் கேட்டுப் பாருங்கள். ஓ, கேட்டுவிட்டீர்களா.

அன்றைக்குத்தான் புரோட்டீன் பவுடர் வாங்கினேன். பத்திரிகையைத் திறந்தால் புரோட்டீன், டிவியைப் போட்டால் புரோட்டீன், வயதானவர்களுக்குப் புரோட்டீன் போதவில்லை என்று நாடே கவலைப்படுகிறது. நாடு சொன்னதை நானும் கேட்டேன். மெர்வ் சாகவேண்டும் என்று நான் நினைக்கவே இல்லை. கொஞ்சம் களைப்பாக இருந்தால் போதும். களைத்துப்போன மனிதன் பாலைவனத்தின் குறுக்கே காரவானை இழுத்துக்கொண்டு போக மாட்டான், வீட்டிலேயே இருந்துவிடலாம் என்பான், நானும் பழையபடி காய்கறி சூப்புக்கு மாறிவிடுவேன். இதில் என்ன கொடூரம் இருக்கிறது என்று எனக்குப் புரியவில்லை. எல்லை வைத்துக்கொண்டு செய்த காரியம் இது.

அடுத்த ரத்தப் பரிசோதனைக்கு டாக்டரின் அலுவலகத்திலிருந்து போன் வந்தது. நாங்கள் காரவானில் வடக்கே கிளம்பிவிட்டோம், வழியில் வேறு டாக்டரைப் பார்த்துக்கொள்கிறோம் என்றேன். "கொடுத்து வெச்சவங்க நீங்க," என்றாள் அந்தப் பெண். பாவம், அவளுக்கு நாள் முழுக்கப் போனோடு மல்லுக்கட்ட வேண்டியிருக்கிறது.

மெர்வுக்குக் கணுக்கால் வீங்கியது. உடம்பெல்லாம் அரிப்பு. எதைச் சாப்பிட்டாலும் வாயில் இரும்பு ருசி என்று தட்டைத் தள்ளிவிடுவார். சாப்பாடு இறங்காத மனிதனைப் பட்டினி போடவா முடியும்? இதையாவது குடியுங்கள் என்று கோப்பையை நீட்டுவேன். குடித்துவிட்டு என் கையைத் தட்டிக்கொடுப்பார்.

பக்கத்து வீட்டு ஷெரில் ஒரு நாள் அதைப் பார்த்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "ஏண்டி கிளெனிஸ், புருஷனை இந்தத் தாங்கு தாங்கறவளை நான் பார்த்ததே இல்ல. எனக்கும் அதை எப்படிப் பண்றதுன்னு சொல்லித் தாயேன். எங்க வீட்டு ஆளும் இளைச்சுத்தான் போயிட்டார்."

சொல்லிக்கொடுத்தேன். அவள் கணவருக்குக் கிட்னி நன்றாக இருக்கிறது. இரண்டே வாரத்தில் குதிரை மாதிரி ஆகிவிட்டார். அதனால்தான் சொல்கிறேன், பானத்தில் ஒரு குறையும் இல்லை.

மெல்பர்னிலிருந்து என் மகள் லீயான் வந்தாள். வாசலிலேயே என்னைப் பிடித்துக்கொண்டாள். "அம்மா, அப்பா ஏன் இப்படி வெளிறிப் போயிருக்கார்? டாக்டர்கிட்ட காமிச்சியா இல்லையா?"

"காமிச்சேன்டி. உடம்புக்கு நல்லதாப் பார்த்துச் செய்யச் சொன்னார்."

"நீ ஒருத்தி இல்லேன்னா இந்த மனுஷன் கதி என்னாகும்," என்று கட்டிக்கொண்டாள். கடைக்குப் போய், இருப்பதிலேயே பெரிய டப்பாவாகப் பவுடர் வாங்கி வந்து வைத்தாள். இதைப் பற்றி மட்டும் அவளிடம் கேட்காதீர்கள். பிள்ளை மனசு தாங்காது. நானும் ஒரு தாய்தானே.

அடுத்த முறை அவள் வந்தபோது மெர்வால் எழுந்து நிற்க முடியவில்லை. என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல் காரில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனாள். அங்கே இரண்டு நாள் இருந்தார், பிறகு இதயம் நின்றுவிட்டது. சவ அடக்கத்துக்கு ஊரே தட்டும் கையுமாக வந்தது. கேக், சாண்ட்விச், முட்டை பேஸ்ட்ரி. மெர்வின் கடைசி மாதங்களில் நான் எப்படிப் பார்த்துக்கொண்டேன் என்று பாதிரியார் தனியாக ஒரு பத்தியே பேசினார். அழகாகப் பேசினார். லீயான் அப்போது என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். ஆஸ்பத்திரியில் என்னமோ சொல்லியிருக்கிறார்கள். அவள் டாக்டர் பென்ஹாலுக்குப் போன் செய்திருக்கிறாள். அதற்குப் பிறகு அவள் என்னை அம்மா என்று கூப்பிடவில்லை.

இப்போது நீங்கள் கேட்டதற்கு வருகிறேன். மெர்வ் எப்போது காரவான் ஆசையை விட்டார் என்று கேட்டீர்கள். லீயானிடம் அவர் சொல்லியிருக்க வேண்டும், இல்லையென்றால் உங்களுக்குக் கேட்கத் தோன்றியிருக்காது.

ஆகஸ்டில். நல்ல வெயில் அடித்த காலை. சுவரைப் பிடித்துக்கொண்டே சமையலறைக்கு வந்து உட்கார்ந்தார்.

"கடைக்காரனுக்குப் போன் பண்ணிட்டேன், கிளென்," என்றார். "காரவானை வேற யாருக்காவது கொடுத்துடச் சொல்லிட்டேன். எத்தனை ஊருக்கு உன்னை இழுத்துக்கிட்டுப் போயிருக்கேன். வர்றியான்னு ஒரு தடவைகூட கேட்டதில்ல. படுத்த பிறகுதான் அதெல்லாம் நெனப்பு வருது. இது உன் வீடும்மா. இங்கேயே இருந்துடுவோம்."

சொல்லிவிட்டு அழுதார். எனக்கும் அழுகை வந்துவிட்டது, பொய் சொல்லவில்லை. அந்த வார்த்தைக்காக நான் எத்தனையோ வருஷம் காத்திருந்தேன். முகத்தைத் துடைத்துவிட்டு நெற்றியில் முத்தம் கொடுத்தேன். அதோடு நிறுத்தியிருக்கலாம்தான். அதற்குப் பிறகும் அவர் ஆறு வாரம் உயிரோடு இருந்தார். டாக்டரிடம் கூட்டிப் போயிருந்தால் இன்னும் இருந்திருப்பாராம், ஆஸ்பத்திரியில் அப்படித்தான் சொல்கிறார்கள். ஆனால் சார்ஜென்ட், நான் எப்போது கோப்பையோடு வருவேன் என்று நாள் முழுக்க வாசலையே பார்த்துக்கொண்டிருக்கிற மெர்வ் எனக்குப் புதுசு. உடம்பு தேறினால் மறுபடி எதையாவது பார்த்து வைப்பார்.

அதனால் எழுந்து போய்ப் பாலை அடுப்பில் வைத்தேன். அன்றைக்கு மட்டும் பவுடர் ஒரு கரண்டி அதிகமாகவே போட்டேன். இவ்வளவு நல்ல செய்தி சொன்ன மனிதருக்கு அதுகூடச் செய்யாவிட்டால் எப்படி?