சம்மதக் கடுதாசி

இல்லண்ணே, பேரெல்லாம் சரியாத்தான் டைப் அடிச்சிருக்கீக. கனகலட்சுமி, வேல்ராஜ் சம்சாரம், வயசு நாப்பத்தெட்டு, முதுகுளத்தூர் பக்கம். அதுல ஒண்ணும் தப்பில்ல. அந்தக் கைநாட்டு வெவரம் எழுதியிருக்கீகல்ல, அத மட்டும் இன்னொருக்கா வாசிங்க. மெதுவா. நான் பள்ளிக்கூடம் போகாதவ.

ம். என் கண்ணு முன்னால நாகலெட்சுமி சம்மதக் கடுதாசியில கைநாட்டு வச்சா, நான் பாத்தேன். அப்படித்தான? சரி. எங்க வீட்டுக்காரவுக சொன்னபடிதான் அடிச்சிருக்கீக.

அவுக எங்கன போனாகன்னு பாத்தீகளா? வக்கீலப் பாக்கவா. ஆபீசுக்குள்ளயா, டீக்கடைக்கா? வர நேரமாகும்ல? இல்ல, சும்மாதான் கேட்டேன். கொஞ்சம் தண்ணி இருந்தாக் குடுங்கண்ணே.

நாகலெட்சுமி என் நாத்தனா. அவுக கூடப் பொறந்த ஒரே தங்கச்சி. பாம்பன்ல கட்டிக்குடுத்தது. அவ புருசன் கடலுக்குப் போனவரு திரும்பல, அஞ்சு வருசம் ஆச்சு. இப்ப கருவாட்டுக் கொட்டகையில மீனு காயப் போடுறா. எனக்கு ரெண்டாவது பிரசவத்துல சன்னி கண்டு கெடந்தப்ப நாப்பது நாளு வந்து பீத்துணி அலசுனவ. அம்மா வீட்டுலருந்து கூட யாரும் வரல.

நெலம் ரெண்டு ஏக்கர். மிளகாக் காடு. எங்க மாமனாரு சோணைமுத்து பேருல இருந்துச்சு. அவுக எறந்து நாலு வருசம் பட்டாவ யாரும் திரும்பிப் பாக்கல. மழ பேஞ்சா மிளகா, பேயலன்னா கருவேல முள்ளு. அதுக்குப் போயி யாரு ஆபீசுக்கு அலைவா. போன தையில சோலார் கம்பெனிக்காரங்க நெலத்த வாங்க வந்து அளந்தாங்க. செத்தவர் பேருல பட்டா இருந்தா வாங்க முடியாது, ஒரே ஆளு பேருல மாத்திட்டு வாங்கன்னுட்டுப் போயிட்டாங்க. மாத்தணும்னா தங்கச்சி சம்மதம் வேணும்னு தாலுகா ஆபீசுல சொல்லிட்டாக.

இவுக பாம்பனுக்குப் போனாக. பொழுதுக்குள்ள திரும்பி வந்துட்டாக. வந்து செருப்பக் கூடக் கழட்டல. நாகு சரின்னுட்டாளான்னு கேட்டேன். ம்-னாக. அவளுக்கு வேலயாம், வர முடியாதாம். அதுக்கு மேல நான் கேக்கல. கேட்டிருக்கணும்ண்ணே.

பட்டா மாறிருச்சு. வைகாசியில அவ எதுக்கோ சேவை மையத்துல பட்டாவ எடுத்துப் பாத்திருக்கா. அண்ணன் பேரு மட்டும் இருக்கு. நேரா இங்கன வந்து கோட்டாட்சியர்கிட்ட மனுப் போட்டுட்டா. போன மாசம் மொத விசாரண. அந்தக் கடுதாசிய அவகிட்டக் காட்டுனாக. இது என் ரேகை இல்லம்மான்னா. ஆபீசரம்மா அதச் சன்னல் பக்கம் தூக்கிப் பிடிச்சுப் பாத்தாக. சாட்சியக் கூட்டிட்டு வாங்க, அப்புறம் ரேகைய சோதனைக்கு அனுப்புவோம், பொய்யின்னா போலீசுக்குப் போகும்னாக. கோவமாக் கூடச் சொல்லலண்ணே. டீ வாங்கிட்டு வரச் சொல்ற மாதிரி சொன்னாக.

அன்னையிலருந்து வாசல்ல பைக்கு நின்னா அடுப்படிக்குள்ள போயி நின்னுக்கிறேன். போஸ்ட்மேன் வந்தாலும் அப்படித்தான்.

அவுகளா? சேச்சே, அடிக்க மாட்டாக. இருபத்தேழு வருசத்துல கை நீட்டுனதில்ல. முந்தாநாளு பூச்சிமருந்து டப்பாவ எடுத்து வாசப்படியில வச்சாக. நீ மாத்திச் சொன்னா நான் இருக்க மாட்டேன் கனகுன்னாக. சொல்லிட்டுக் காட்டுக்குப் போயிட்டாக. நான் அதக் கொண்டுபோயி குழி தோண்டிப் பொதச்சேன். பொதச்சு என்ன செய்ய, கடையில வேற டப்பா இல்லாமயா போயிரும். காலையில பஸ்ஸுல அவுக சட்டப்பைய, மஞ்சப்பைய எல்லாம் தடவித் தடவிப் பாத்துக்கிட்டே வந்தேன். அவுக சன்னல் பக்கம் பாத்துக்கிட்டு இருந்தாக.

நேத்து நாகு போன் பண்ணுனா. மதினி, அண்ணன் பங்க அண்ணன் வித்துக்கிறட்டும், என் பங்குல ஒரு கொட்டாயப் போட்டு நாலு ஆடு வச்சுப் பொழச்சுக்கிறேன், பாம்பனுக்கு வந்தப்பவே அண்ணன்கிட்ட அதத்தான சொன்னேன்னா. அப்பத்தான் எனக்குத் தெரியும், அவ சரின்னே சொல்லலன்னு. அதோட விட்டாளா. எம் பேருல கைநாட்டு வச்சவ எவளுன்னு தெரியட்டும் மதினி, அவ வாசல்ல மண்ணள்ளித் தூத்துறேனா இல்லையா பாருங்கன்னா. நான் ம் கொட்டிக்கிட்டு இருந்தேன்.

அந்தா, வேப்பமரத்தடியில நிக்கிறா பாருங்க, ஊதாச் சேல. அவதான். என்னயப் பாத்துச் சிரிச்சா. சாப்புட்டீகளா மதினின்னு தூரத்துலருந்தே சாடையில கேட்டா.

அண்ணே, அடிச்சத மாத்த எம்புட்டு நேரமாகும்? ரெண்டு நிமிசமா? அப்பன்னா மாத்துங்க. பெருசா ஒண்ணும் வேணாம். கைநாட்டு வச்சது நாகலெட்சுமின்னு இருக்குல்ல, அந்த எடத்துல என் பேரப் போடுங்க. நான் பாத்தேன்னு இருக்கிறத எடுத்துருங்க. நான்தான் வச்சேன்.

தெரியும்ணே. ஜெயிலுன்னு தெரியும். அவுக என்ன செய்வாகன்னும் தெரியாம இல்ல. அதுக்குத்தான் நாகு நிக்கிற எடத்துலயே வச்சுச் சொல்றேன், அவ ஓடி வந்து அண்ணனப் புடிச்சுக்கிறுவா. அவளுக்கு அம்புட்டுக் கோவம் இருந்தாலும் புடிச்சுக்கிறுவா. என்னயப் பாக்காதீக, அடிங்க. அவுக ரோட்டத் தாண்டி வாராக.

ஆச்சா? குடுங்க. மை எங்கன? எடது கையிதான? கடுதாசியில வச்ச அன்னைக்கு அவுகதான் வெரலப் புடிச்சு அழுத்துனாக. வேணாம்ணே, நீங்க புடிக்க வேணாம். நானே வச்சிருவேன்.